மேடையிலே மலர்ந்து சிறையிலே உதிர்ந்த கரோலா நேஹர்

(இரண்டாம் ஆண்டு பி.எஸ்ஸி., வேதியியல்)

வரலாற்றுப் பாடத்தில் ஹிட்லரையும் ஸ்டாலினையும் படித்தோம். எந்த ஆண்டு யார் யார்மீது படையெடுத்தார், எந்த ஊரில் எந்த உடன்படிக்கை கையெழுத்தாயிற்று என்றெல்லாம் நெட்டுருப் போட்டுத் தேர்வு எழுதினோம். அந்த இரு பெரும் ஆலைச் சக்கரங்களுக்கு நடுவே அகப்பட்ட பாட்டுக்காரர்களும் நாடகக்காரர்களும் என்ன ஆனார்கள் என்பது வினாத்தாளில் வருவதில்லை. எனவே நாமும் படிப்பதில்லை. நான் சொல்லவிருக்கும் அம்மையார் அவ்விருவராலும் துரத்தப்பட்டவர். ஒருவர் நாட்டைப் பறித்தார். மற்றவர் கணவனையும் குழந்தையையும் உயிரையும் பறித்தார்.

எனக்கும் நாடகத்துக்கும் உள்ள உறவு, எங்களூர்த் திருவிழாவில் விடிய விடியக் கூத்துப் பார்த்ததோடு சரி. பெர்டோல்ட் பிரெக்ட் என்ற ஜெர்மன் நாடகாசிரியர் பெயரைக்கூட விடுதி நண்பர் ஒருவர் சொல்லித்தான் கேட்டேன். அவர் சொன்னதன் பேரில் 1931ஆம் ஆண்டு வெளிவந்த 'மூன்று பென்னி இசை நாடகம்' என்ற பழைய கறுப்பு வெள்ளைப் படத்தைப் பார்த்தேன். ஜெர்மன் மொழி எனக்குத் தெரியாது. ஆனால் திருடர் தலைவனை மணந்துகொண்ட பெண் ஒருத்தி, களவாடிய பொருள்களால் அலங்கரித்த கிடங்கில், திருட்டு விருந்தினர் நடுவே எழுந்து நின்று ஒரு பாட்டுப் பாடுகிறாள். முகத்தில் பெரிய உணர்ச்சிக் குமுறல் எதுவுமில்லை. கைகளை வீசவில்லை, கண்ணீர் வடிக்கவில்லை. பாடி முடித்ததும் அவளைச் சற்று அச்சத்தோடு பார்க்கத் தோன்றுகிறது! அந்த நடிகை யார் என்று தேடப்போய் அறிந்துகொண்ட செய்திகளே இக்கட்டுரை.

கரோலா நேஹர் 1900ஆம் ஆண்டு நவம்பர் 2ஆம் நாள் மூனிச் நகரில் பிறந்தார். தந்தை இசைக் கலைஞர். தாயார் திராட்சை மது விற்கும் சிறு விடுதி ஒன்றை நடத்தி வந்தார். இசை இருந்ததே தவிர வீட்டில் செல்வம் இருந்ததாகத் தெரியவில்லை. முதல் உலகப்போர் நடந்துகொண்டிருந்த காலத்தில் அந்தப் பெண் வங்கியொன்றில் எழுத்தர் வேலைக்குச் சேர்ந்தார். நமக்கெல்லாம் வங்கி வேலை என்றால் என்ன பொருள் என்று சொல்ல வேண்டியதில்லை. என் வீட்டில், நான் பட்டம் பெற்றதும் அப்படியொரு நாற்காலியில் உட்காருவேன் என்பதே மூன்று பேருடைய கனவு. கரோலாவோ அந்த நாற்காலியை உதறிவிட்டு 1920இல் பாடன்-பாடன் நகர மேடையில் சின்னஞ்சிறு வேடங்கள் ஏற்க ஓடிவிட்டார். நடிப்புப் பள்ளி எதிலும் அவர் படித்ததில்லை.

அவர் செய்தது அறிவீனம் என்றுதான் நானும் முதலில் எண்ணினேன். பிறகு கணக்கைப் பார்த்தேன். 1923 நவம்பரில் ஜெர்மனியில் ஓர் அமெரிக்க டாலருக்கு 4,20,000 கோடி மார்க் கொடுக்க வேண்டியிருந்தது. காசாளர் எண்ணித் தரும் நோட்டுக்கட்டு, வாங்கியவர் கடைவீதி போய்ச் சேர்வதற்குள் காகிதமாகிவிடும் காலம் அது. பாதுகாப்பான வேலை என்று ஒன்று அந்த நாட்டில் இருக்கவே இல்லை!

டார்ம்ஸ்டாட், நியூரம்பெர்க், மறுபடி மூனிச் என்று ஊர் ஊராக நடித்துவிட்டு 1924இல் பிரெஸ்லாவ் நகரின் லோபே நாடக அரங்கில் சேர்ந்தார். அந்த நகரம் இன்று போலந்து நாட்டில் விராட்ஸ்லாவ் என்ற பெயரோடு இருக்கிறது. இதற்குள் கிளாபுண்ட் என்ற கவிஞருடைய அறிமுகம் அவருக்குக் கிடைத்திருந்தது. ஆல்பிரட் ஹென்ஷ்கே என்பது கவிஞரின் இயற்பெயர். கப்பல்களில் குடியிருப்பதாக மாலுமிகள் நம்பும் குட்டிச்சாத்தான் ஒன்றின் பெயரையும், நாடோடி என்ற சொல்லையும் பிணைத்துத் தமக்குத் தாமே சூட்டிக்கொண்ட புனைபெயர் கிளாபுண்ட். பள்ளிப் பருவத்திலேயே காசநோய் பற்றிக்கொண்ட மனிதர். முதல் மனைவியை 1918இல் பிள்ளைப்பேற்றை ஒட்டி இழந்தவர். கரோலாவைவிடப் பத்து வயது மூத்தவர். 1925இல் இருவரும் மணந்துகொண்டனர்.

கிளாபுண்ட் எழுதிய 'சுண்ணக்கட்டி வட்டம்' என்ற நாடகத்தை இங்கே சற்று விரிவாகச் சொல்லியாக வேண்டும். சீனத்தில் லீ சிங்தாவ் என்பவர் எழுதிய பழைய நாடகத்தைத் தழுவியது அது. ஹைதாங் என்ற ஏழைப்பெண் தேநீர் விடுதிக்கு விற்கப்படுகிறாள். பணக்காரர் ஒருவர் அவளை இரண்டாம் மனைவியாக்கிக் கொள்கிறார். அவளுக்கு ஓர் ஆண் குழந்தை பிறக்கிறது. மூத்தவள் கணவனுக்கு நஞ்சு வைத்துக் கொன்றுவிட்டுப் பழியை இளையவள்மேல் போடுகிறாள். சொத்துக்காகக் குழந்தையும் தன்னுடையதே என்கிறாள். வழக்கு மேலே போகிறது. நீதி சொல்பவர் தரையில் சுண்ணக்கட்டியால் ஒரு வட்டம் வரைந்து குழந்தையை அதனுள் நிறுத்துகிறார். எவள் தன் பக்கம் இழுக்கிறாளோ அவளே தாய் என்கிறார். பிள்ளைக்கு வலிக்குமே என்று இழுக்க மறுத்துக் கையை விடுகிறாள் ஹைதாங். பெற்றவள் அவளே என்று தீர்ப்பாகிறது. நம் மரியாதைராமன் கதைகளிலும் விவிலியத்தின் சாலமோன் வரலாற்றிலும் இதைப் போன்ற வழக்கு உண்டு. பிள்ளையைப் பிரிந்த தாய்க்கு நியாயம் கிடைக்க வேண்டும் என்ற ஆசை எல்லா நாட்டாருக்கும் பொதுவாக இருந்திருக்கிறது போலும்.

1925இல் பிரெஸ்லாவ் மேடையில் ஹைதாங்காக நடித்தவர் கரோலா. நாடகம் ஜெர்மனி எங்கும் புகழ் பெற்றது. ஆனால் அதே ஆண்டில் மாக்ஸ் ரைன்ஹார்ட் என்ற பேரியக்குநர் பெர்லினில் அதை மேடையேற்றியபோது அந்த வேடம் எலிசபெத் பெர்க்னர் என்ற புகழ்பெற்ற நடிகைக்குப் போயிற்று. கணவர் எழுதிய நாடகம், தாம் நடித்துப் பேர் வாங்கிய வேடம், தலைநகரில் வேறொருவருக்கு! அடுத்த ஆண்டே கரோலாவும் பெர்லினில் குடியேறினார்.

இருபதுகளின் பெர்லின் நகரை அவர் இரு கையாலும் அள்ளிக்கொண்டார் என்றே சொல்ல வேண்டும். தலைமுடியைக் குட்டையாக வெட்டிக்கொண்டார். கார் ஓட்டினார். குத்துச்சண்டைகூடப் பயின்றார்! இரு கைகளிலும் உறை மாட்டிக்கொண்டு பயிற்சியாளரோடு அவர் நிற்கும் புகைப்படம் இன்றும் காணக் கிடைக்கிறது. நோயாளிக் கணவரோ சுவிட்சர்லாந்தின் மலைச் சிகிச்சை நிலையங்களுக்கும் பெர்லினுக்குமாக அலைந்துகொண்டிருந்தார். மனைவி மேடையில், கணவன் மலையில் என்ற இந்த வாழ்க்கையை வைத்து அவரைக் குறை கூறியவர்கள் உண்டு. மருந்துச் செலவுக்குப் பணம் எங்கிருந்து வரும் என்று குறை கூறியவர்கள் எண்ணிப் பார்த்தார்களா என்பது எனக்கு விளங்கவில்லை.

பெர்லினில்தான் பிரெக்டின் வட்டத்தில் அவர் சேர்ந்தார். நடிகர் பாத்திரத்தில் கரைந்து அழக்கூடாது, எட்டி நின்று காட்ட வேண்டும், பார்ப்பவர் சிந்திக்க வேண்டும் என்பது பிரெக்டின் கொள்கை. கரோலாவின் இயல்பான நடிப்பு அதற்கென்றே வார்த்தது போலிருந்தது. இந்த நடிகைக்கு அறிவுரை கூறும் பாவனையில் ஒரு கவிதையே எழுதியிருக்கிறார் பிரெக்ட்.

1928ஆம் ஆண்டு ஆகஸ்டு மாதத்துக்கு வருவோம். ஷிப்பாவர்டாம் அரங்கில் 'மூன்று பென்னி இசை நாடகம்' ஒத்திகை நடக்கிறது. எழுத்து பிரெக்ட். இசை குர்ட் வைல். மேடையமைப்பு காஸ்பர் நேஹர் (பெயர் ஒன்றானாலும் இவர் கரோலாவுக்கு உறவினர் அல்லர்). கதாநாயகி பாலியாகக் கரோலா. முதல் காட்சி ஆகஸ்டு 31 என்று முடிவாகிவிட்டது. அவ்வேளையில் டாவோஸ் நகரிலிருந்து கிளாபுண்டின் நிலை மோசம் என்று செய்தி வருகிறது. ஒத்திகையை விட்டுவிட்டுக் கரோலா ஓடினார். ஆகஸ்டு 14ஆம் நாள் கிளாபுண்ட் மனைவியின் அருகிலேயே உயிர் நீத்தார். வயது 37.

அறிவியல் மாணவன் என்ற முறையில் ஒரு செய்தியை இங்கே சொல்லாமல் இருக்க முடியவில்லை. காசநோய்க் கிருமியை ராபர்ட் கோஹ் கண்டறிந்து அறிவித்தது இதே பெர்லினில், 1882இல். அந்தக் கிருமியைக் கொல்லும் ஸ்ட்ரெப்டோமைசின் கண்டுபிடிக்கப்பட்டது 1943இல். இடைப்பட்ட அறுபத்தோராண்டுகளில் எதிரி யார் என்று தெரிந்தும் கையில் ஆயுதமின்றி இறந்தவர்கள் எத்தனை ஆயிரம் பேர்! மலைக் காற்றும், பாலும், படுக்கையுமே அன்றைய மருந்து.

துயரத்தோடு பெர்லினுக்குத் திரும்பிவந்து ஒத்திகையில் சேர்ந்த கரோலா சில நாட்களில் வேடத்தைவிட்டே விலகிவிட்டார். காரணம் பலவாறாகச் சொல்லப்படுகிறது. ரோமா பான் என்ற நடிகை சில நாட்களிலேயே வசனத்தைப் பாடம் செய்து மேடையேறினார். படுதோல்வி அடையும் என்று பலர் எதிர்பார்த்த அந்த நாடகம் அந்தக் காலத்தின் மாபெரும் வெற்றியாயிற்று. வாழ்நாளின் மிகப் பெரிய இரவு, கரோலா இல்லாமலே நடந்து முடிந்தது.

ஆனால் பாலி அவரை விடவில்லை. 1929இல் அதே அரங்கில் அந்த வேடத்தை அவர் ஏற்றார். அதே ஆண்டு செப்டம்பரில் 'ஹேப்பி எண்ட்' என்ற நாடகத்தில் இரட்சணிய சேனைப் பெண்ணாக நடித்துக் குர்ட் வைலின் பாடல்களைப் பாடினார். நாடகம் தோற்றது. பாடல்கள் நின்றன. 1931 நவம்பர் 2ஆம் நாள், தம் முப்பத்தோராவது பிறந்த நாளன்று, ஹோர்வாத்தின் 'வியன்னாக் காட்டின் கதைகள்' நாடகத்தில் மரியானே என்ற அபலைப் பெண்ணாக மேடையேறினார். 'கசாப்புத் தொட்டிகளின் புனித ஜோன்' என்ற நாடகத்தின் தலைமைப் பாத்திரத்தைப் பிரெக்ட் இவரை மனத்தில் வைத்தே எழுதினார். அது அந்நாளில் மேடைக்கு வர இயலவில்லை. 1932 ஏப்ரலில் பெர்லின் வானொலியில் சுருக்கமாக ஒலிபரப்பானபோது ஜோனின் குரல் கரோலாவினுடையது.

இவ்வளவு பெரிய நடிகைக்குத் திரையில் பெயர் சொல்ல ஒரே படம்தான் வாய்த்தது. ஜி.டபிள்யூ. பாப்ஸ்ட் இயக்கிய 'மூன்று பென்னி' படமே அது. பேசும் படம் பிறந்த புதிது. குரல் மாற்றிச் சேர்க்கும் தொழில்நுட்பம் வளராத காலமாதலால், அதே அரங்கமைப்பில் பிரெஞ்சு நடிகர்களை வைத்துப் பிரெஞ்சுப் படமும் கூடவே எடுத்தார்கள். கதையை மாற்றுகிறார்கள் என்று பிரெக்டும் வைலும் படக் கம்பெனிமீது வழக்குத் தொடுத்ததும், பிரெக்ட் தோற்றதும் தனிக்கதை. 1931 பிப்ரவரியில் படம் வெளிவந்தது. மேடையில் பாலிக்கு உரியதாயிருந்த புகழ்பெற்ற பாடலொன்றைப் படத்தில் லோட்டே லென்யா பாடுகிறார். கரோலாவின் பங்கு அதனால் குறைந்துவிடவில்லை. தாலி கட்டிய திருடன் ஓடி ஒளிகிறான். பாலி அவன் கூட்டத்தைக் கையில் எடுத்துக்கொண்டு என்ன செய்கிறாள் தெரியுமா? வங்கி தொடங்குகிறாள்! கொள்ளையர்கள் கண்ணியமான உடையணிந்து இயக்குநர் குழுவாக உட்கார்ந்திருக்க, நடுநாயகமாக அவள் வீற்றிருக்கிறாள். மூனிச் வங்கியின் பேரேட்டில் குனிந்திருந்த எழுத்தர் பெண் அந்தக் காட்சியில் நடித்தபோது உள்ளுக்குள் சிரித்திருப்பார் என்றே நினைக்கிறேன்.

1932இல் அனடோல் பெக்கர் என்ற பொறியியலாளரைக் கரோலா மணந்தார். அவர் கம்யூனிஸ்டுக் கொள்கையில் பற்றுக் கொண்டவர். மறு ஆண்டு ஹிட்லர் ஆட்சிக்கு வந்தார். படம் தடை செய்யப்பட்டது. பிரெக்ட் நாட்டைவிட்டு ஓடினார். ஹிட்லரை எதிர்த்த அறிக்கையொன்றில் கையெழுத்திட்டிருந்த கரோலாவும் வெளியேறினார். வியன்னா, பிராக் வழியாகக் கணவரோடு 1934இல் மாஸ்கோவை அடைந்தார். அதே ஆண்டு ஜெர்மன் அரசு அவருடைய குடியுரிமையைப் பறித்தது. ஆண்டு இறுதியில், டிசம்பர் 26ஆம் நாள், அவருக்கு ஓர் ஆண் குழந்தை பிறந்தது.

மாஸ்கோவில் ஜெர்மன் அகதிக் கலைஞர்கள் பலர் இருந்தனர். மொழி தெரியாத ஊரில் ஒரு நடிகைக்கு என்ன வேலை கிடைக்கும்? குரலும் சொல்லும்தானே அவருடைய மூலதனம்! ஜெர்மன் பத்திரிகைகளில் எழுதியும் சிறு நாடகக் குழுக்களோடு சேர்ந்தும் காலம் கடத்தினார். பெர்லினில் ஆயிரம் பேர் எழுந்து கைதட்டிய நடிகை அவர். இருந்தும் அங்கே இருந்தது நம்பிக்கையால். பாட்டாளிகளின் நாடு, ஹிட்லரை எதிர்க்கும் நாடு என்ற நம்பிக்கை.

1936இல் பெக்கர் கைதானார். ஜூலை 25ஆம் நாள் கரோலாவும் கைதானார். பிராக் நகரிலிருந்த டிராட்ஸ்கி ஆதரவாளர் ஒருவருக்குத் தூதராகச் செயல்பட்டார் என்பது குற்றச்சாட்டு. கூடவே அகதியாக வந்த நாடகக் கலைஞர் ஒருவர் கொடுத்த வாக்குமூலமும் அவருக்கு எதிராக அமைந்தது. 1937 மார்ச்சில் பத்தாண்டுச் சிறைத் தண்டனை விதித்தார்கள். கணவரை அதே ஆண்டு சுட்டுக் கொன்றார்கள். ஒன்றரை வயதில் தாயைப் பிரிந்த குழந்தையை அனாதை விடுதிக்கு அனுப்பினார்கள். சுண்ணக்கட்டி வட்டம் எதையும் யாரும் வரையவில்லை.

பிரெக்ட் என்ன செய்தார்? அப்போது டென்மார்க்கில் அகதியாக இருந்த அவர், மாஸ்கோவுக்குப் போய் ஸ்டாலினையே சந்தித்து வந்த எழுத்தாளர் பாய்ஷ்ட்வாங்கருக்கு 1937இல் கடிதம் எழுதி, கரோலாவைப் பற்றி ஏதும் அறிய முடியுமா, உதவ முடியுமா என்று கேட்டார். வெளிப்படையாகக் குரல் எழுப்பவில்லை. அவளுக்குத் தாம் முன்பு ஒருமுறை முகம் கழுவக் கற்றுத் தந்ததை நினைத்து ஒரு கவிதை எழுதினார். 1941இல் அமெரிக்கா செல்லும் வழியில் மாஸ்கோவில் தங்கிப் போனார். கரோலா அப்போது அதே நாட்டின் சிறையில் உயிரோடு இருந்தார். போருக்குப் பின் சோவியத் நாடு பிரெக்டுக்கு ஸ்டாலின் பரிசு வழங்கியது. அவரும் பெற்றுக்கொண்டார். அவர் பேசியிருந்தால் கரோலா பிழைத்திருப்பார் என்று யாராலும் சொல்ல முடியாதுதான். ஆனாலும் மனம் ஆறவில்லை. பிரெக்டின் நாடகங்களை வியக்கும் பேராசிரியர்கள் என்னைப் பொறுத்தருள வேண்டும்.

கரோலாவைச் சிறையில் கண்டவர்கள் சிலர் பிற்காலத்தில் எழுதியிருக்கிறார்கள். அவர்களுள் மார்கரெட்டே பூபர்-நோய்மன் என்பவர் 1940இன் தொடக்கத்தில் மாஸ்கோவின் புட்டிர்க்கா சிறையில் அவரோடு இருந்தவர். ஹிட்லரும் ஸ்டாலினும் 1939இல் நட்பு உடன்படிக்கை செய்துகொண்ட பின், சோவியத் சிறைகளிலிருந்த ஜெர்மன் கைதிகள் பலரை ஹிட்லரின் ஆட்களிடமே ஒப்படைக்க ஏற்பாடாயிற்று! அதற்காகத் திரட்டப்பட்ட பெண்களில் கரோலாவும் இருந்தார். பூபர்-நோய்மன் ஒப்படைக்கப்பட்டார். ஜெர்மன் முகாமில் ஐந்தாண்டுகள் கிடந்து உயிர் தப்பி, இரு சிறைகளைப் பற்றியும் புத்தகம் எழுதினார். கரோலாவோ ஒப்படைக்கப்படாமல் மீண்டும் ருஷ்யச் சிறைக்கே திருப்பி அனுப்பப்பட்டார். எது கொடிது, எது நல்லூழ் என்று யார் சொல்வது!

1941 மார்ச்சில், சிறையிலிருந்து மகன் இருந்த விடுதிக்குக் கரோலா எழுதிய கடிதம் கிடைத்திருக்கிறது. மகனுக்கு அப்போது ஆறு வயது. உடல்நலம் எப்படி, என்ன எடை, என்ன உயரம், எதில் ஆர்வம், தாயைப் பற்றிக் கேட்கிறானா என்றெல்லாம் விசாரித்துவிட்டு ஒரு புகைப்படம் வேண்டும் என்று கேட்கிறார். குற்றம் செய்யவில்லை என்ற வாதமோ அழுகையோ அதில் பெரிதாக இல்லையாம். தாய் தெரிந்துகொள்ள வேண்டியவற்றை மட்டும் கேட்டிருக்கிறார். இதைப் படித்தபோது, கிடங்கிலே கைவீசாமல் நின்று பாடிய அந்தப் பாலி என் கண்முன் வந்தாள்.

மூன்று மாதங்களில் ஹிட்லரின் படை சோவியத் நாட்டுக்குள் புகுந்தது. கைதிகளைக் கிழக்கே கொண்டுபோனார்கள். ஓரன்பர்க் நகருக்குத் தெற்கே உப்புச் சுரங்கங்களால் பெயர்பெற்ற சோல்-இலெட்ஸ்க் என்ற ஊரின் சிறைக்குக் கரோலா போய்ச் சேர்ந்தார். அங்கே டைபஸ் காய்ச்சல் பரவியது. டைபாய்டு வேறு, இது வேறு. டைபாய்டு அசுத்த நீராலும் உணவாலும் வருவது. டைபஸ் உடைப்பேன்களால் பரவுவது. கொதிநீரும் மாற்றுத்துணியும் இருந்தால் தடுத்துவிடலாம் என்பது 1909இல் ஷார்ல் நிக்கோல் ஆராய்ச்சி செய்து காட்டிய பிறகு உலகம் அறிந்த உண்மை. 1942ஆம் ஆண்டு ஜூன் 26ஆம் நாள் கரோலா இறந்தார். நாற்பத்திரண்டு வயது நிரம்பவில்லை.

1944இல் பிரெக்ட் அமெரிக்காவிலிருந்தபடி 'காக்கேசியச் சுண்ணக்கட்டி வட்டம்' எழுதி முடித்தார். கிளாபுண்டின் நாடகத்திலிருந்து அவர் எடுத்துக்கொண்ட கரு அது. பிள்ளை பெற்றவளுக்கா, வளர்த்தவளுக்கா என்று கேள்வியையே மாற்றிவிட்டார். உலகெங்கும் மாணவர்கள் அந்த நாடகத்தைப் படிக்கிறார்கள், நடிக்கிறார்கள். அந்த வட்டத்துக்குள் பிரெஸ்லாவில் நின்ற முதல்நாளைய ஹைதாங்கைப் பற்றிப் பாடநூல்களில் ஓர் அடிக்குறிப்பும் இருப்பதில்லை.

ஸ்டாலின் மறைந்த பின் 1959இல் சோவியத் அரசு கரோலா குற்றமற்றவர் என்று அறிவித்தது. அனாதை விடுதிகளில் வளர்ந்த மகன், பெற்றோர் இன்னார் என்று அறிந்ததே வாலிபப் பருவம் கடந்த பிறகுதான். அதற்குள் அவர் இசை பயின்று இசை ஆசிரியராகியிருந்தார். மூனிச்சில் வாழ்ந்த பாட்டனார் இசைக் கலைஞர் என்பது அவருக்குத் தெரிந்திருக்கவில்லை. 1975இல் தாயின் நாடான ஜெர்மனிக்குக் குடிபெயர்ந்தார். தாயை அவருக்கு நினைவில்லை. திரைப்படமும் சில இசைத்தட்டுகளும் இருந்தன.